பென்சில்வேனியாவுக்குப் புதிதாக வந்திருக்கிறீர்களா? மாநில வரி, ஊர் வரி, கெடு தேதிகள்

வேலைக்காகப் பென்சில்வேனியா வந்த மூன்றாவது வருடம், ஒரு நாள் சாயங்காலம் தபால் பெட்டியில் ஜன்னல் வைத்த மெல்லிய கவர் ஒன்று கிடந்தது. நாங்கள் குடியிருந்த டவுன்ஷிப் என்ற உள்ளூர் நிர்வாகத்துக்காக வரி வசூலிக்கும் அலுவலகம் அனுப்பியிருந்தது. முந்தைய இரண்டு வருடங்களுக்கும் உங்களிடமிருந்து ரிட்டர்ன் வரவில்லை, காரணம் சொல்லுங்கள் என்று கேட்டிருந்தார்கள். எனக்கு ஒன்றும் பிடிபடவில்லை. மத்திய வரித்துறையான ஐஆர்எஸ்-க்குப் போட்டிருந்தேன், மாநிலத்துக்கும் போட்டிருந்தேன். மூன்றாவதாக இன்னொரு இடத்துக்கும் போட வேண்டும் என்று எனக்கு யாருமே சொல்லியிருக்கவில்லை.

இரண்டு வருடமும் சம்பளம் 78,000 டாலர். டவுன்ஷிப்பும் பள்ளியும் சம்பளத்தில் வாங்கும் ஊர் வரி 1 சதவீதம். ஆக 1,560 டாலர் பாக்கி, அதன் மேல் அபராதமும் வட்டியும். அன்று ராத்திரி டபிள்யூ-2 படிவங்களை (கம்பெனி வருடாவருடம் தரும் சம்பள, வரிச் சான்று) தேடி எடுத்துச் சாப்பாட்டு மேசையில் விரித்துப் பார்த்தேன். அடிப்பகுதியில் 18, 19, 20 என்று எண் போட்ட மூன்று கட்டங்கள், இரண்டு வருடப் படிவங்களிலும் காலியாக இருந்தன. எங்கள் கன்சல்டிங் கம்பெனியின் தலைமையகம் டெக்சாஸில். அங்கே சம்பளத்துக்கு மாநில வரியே கிடையாது. பென்சில்வேனியாவின் மாநில வரியைப் பிடித்தவர்கள் ஊர் வரியைப் பிடிக்கவில்லை.

அந்தக் கடிதத்துக்குப் பதில் எழுதிப் பணம் கட்டி முடிக்க நான்கு மாதம் ஆனது. அதில் கற்றுக்கொண்டதை வரிசையாக எழுதுகிறேன். இது சம்பளத்துக்கு வேலை செய்பவர்களுக்கானது. சொந்தத் தொழில் செய்பவர்களுக்கு இதற்கு மேலும் சில வேலைகள் உண்டு. எச்-1பி, எல்-1 விசா, ஓபிடி (மாணவர் விசாவில் கிடைக்கும் வேலை அனுமதி) எதில் இருந்தாலும் கீழே சொல்வது பொருந்தும். ஓபிடி மாணவர்களுக்குப் பொதுவாகச் சோஷியல் செக்யூரிட்டிப் பிடித்தம் கிடையாது என்பதால் மாநில வரியும் ஊர் வரியும்கூடக் கிடையாது என்று ஒரு நினைப்பு சுற்றிக்கொண்டிருக்கிறது. அது தவறு. இரண்டும் உண்டு.

1. முதலில் நீங்கள் எந்த ஊரில் இருக்கிறீர்கள் என்று கண்டுபிடியுங்கள்

விளையாட்டாகச் சொல்லவில்லை. தபால் முகவரியில் இருக்கும் ஊர்ப் பெயரும், உங்களிடம் வரி வாங்கும் ஊரும் இங்கே வேறு வேறாக இருக்கும். நம் ஆட்கள் நிறையப் பேர் இருக்கும் எக்ஸ்டனை எடுத்துக்கொள்ளுங்கள். எக்ஸ்டன் என்று ஒரு நிர்வாகமே கிடையாது. பெரும்பகுதி வெஸ்ட் வைட்லாண்ட் டவுன்ஷிப்பில் வருகிறது. கிங் ஆஃப் பிரஷ்யாவும் அப்படித்தான், அது இருப்பது அப்பர் மெரியன் டவுன்ஷிப்பில். வெஸ்ட் செஸ்டர் என்று முகவரி எழுதுகிறவர்கள் ஈஸ்ட் கோஷனிலும் இருப்பார்கள், வெஸ்ட் கோஷனிலும் இருப்பார்கள், அந்த நகரத்துக்கு உள்ளேயும் இருப்பார்கள்.

உங்கள் வீட்டு எண்ணும் தெருவும் எந்த டவுன்ஷிப், எந்தப் பள்ளி மாவட்டம் என்பதை மாநில அரசின் டிசிஇடி (சமூக, பொருளாதார வளர்ச்சி) துறை இணையதளத்தில் முகவரியைத் தட்டிப் பார்க்கலாம். மூன்று தகவல் கிடைக்கும்: ஆறு இலக்கப் பிஎஸ்டி கோடு (உங்கள் வரி ஊரைக் குறிக்கும் எண்), ஊர் வரி சதவீதம், அதை வசூலிக்கும் அலுவலகத்தின் பெயர். அந்தப் பக்கத்தைச் சேமித்து வையுங்கள். வசூலிப்பது டவுன்ஷிப் அலுவலகமாக இருக்காது. பெர்க்ஹைமர், கீஸ்டோன் மாதிரி நிறுவனங்கள் பல டவுன்ஷிப்களுக்காக மொத்தமாக வசூலிக்கின்றன. கவரில் அந்தப் பெயரைப் பார்த்துவிட்டு ஏதோ விளம்பரம் என்று குப்பையில் போட்டவர்களை எனக்குத் தெரியும்.

ஊர் வரி பெரும்பாலான புறநகர்களில் 1 சதவீதம்தான். அதில் பாதி டவுன்ஷிப்புக்கு, பாதி பள்ளிக்கு. சில டவுன்ஷிப்களில் இந்த வரியே இல்லை. பிட்ஸ்பர்க் நகரத்துக்குள் 3 சதவீதம். வாடகைக்கு வீடு பார்க்கும்போதே இதையும் பாருங்கள். மாத வாடகையில் 50 டாலர் மிச்சம் பிடித்துவிட்டு, வரியில் 150 டாலர் கூடுதலாகக் கொடுக்க வேண்டி வரலாம்.

2. வேலையில் சேர்ந்த வாரமே பேரோலிடம் (சம்பளப் பிரிவிடம்) எழுதிக் கொடுங்கள்

வேலையில் சேரும்போது டபிள்யூ-4, ஐ-9 எல்லாம் நிரப்புவீர்கள். பென்சில்வேனியாவில் இன்னொரு தாள் உண்டு. வசிப்பிடச் சான்றுப் படிவம் என்று வைத்துக்கொள்ளலாம். அதில் உங்கள் வீட்டின் பிஎஸ்டி கோடும், வேலை செய்யும் இடத்தின் பிஎஸ்டி கோடும் இருக்கும். 2012 முதல் நடைமுறையில் இருக்கும் சட்டப்படி, பென்சில்வேனியாவில் அலுவலகம் வைத்திருக்கும் கம்பெனி உங்கள் சம்பளத்திலிருந்து ஊர் வரியைப் பிடித்தே ஆக வேண்டும். வீடு இருக்கும் ஊரின் சதவீதம், வேலை இருக்கும் ஊர் வெளியாட்களிடம் வாங்கும் சதவீதம், இந்த இரண்டில் எது அதிகமோ அதைப் பிடிப்பார்கள்.

சிக்கல் வருவது கம்பெனி வேறு மாநிலத்தில் இருக்கும்போது. பென்சில்வேனியாவில் அவர்களுக்கு அலுவலகம் இல்லை, நீங்கள் வீட்டிலிருந்தோ கிளையன்ட் இடத்திலோ வேலை செய்கிறீர்கள் என்றால் ஊர் வரியைப் பிடிக்க வேண்டிய கட்டாயம் அவர்களுக்கு இல்லாமல் போகலாம். ஆனால் கட்ட வேண்டிய பொறுப்பு உங்களுக்கு இருந்துகொண்டே இருக்கும். கன்சல்டிங் கம்பெனி மூலம் வருகிற நம்மவர்களில் பாதிப் பேர் மாட்டிக்கொள்வது இங்கேதான். ஆகவே முதல் சம்பளச் சீட்டு வந்ததும் மூன்று பிடித்தங்களைத் தேடுங்கள்:

மாநில வரி, 3.07 சதவீதம்.
ஊர் வரி, உங்கள் ஊரின் சதவீதம்.
எல்எஸ்டி (உள்ளூர்ச் சேவை வரி) என்ற சிறு பிடித்தம். வருடத்துக்கு அதிகபட்சம் 52 டாலர், இரண்டு வாரச் சம்பளம் என்றால் தடவைக்கு 2 டாலர்.

ஊர் வரிப் பிடித்தத்தைக் காணவில்லை என்றால் அன்றைக்கே பேரோலுக்கு மின்னஞ்சல் எழுதுங்கள். "எனக்காக விருப்பத்தின் பேரில் பிடித்துக் கட்ட முடியுமா?" என்று கேளுங்கள். சில கம்பெனிகள் செய்து கொடுக்கும். முடியாது என்று பதில் வந்தால் அந்தப் பதிலைப் பத்திரப்படுத்திவிட்டு 7-ஆம் பகுதிக்குப் போங்கள். போனில் பேசி முடித்துவிடாதீர்கள், எழுத்தில் இருக்கட்டும்.

நியூ ஜெர்சியில் குடியிருந்து பென்சில்வேனியாவில் வேலை, அல்லது இங்கே குடியிருந்து அங்கே வேலை என்பவர்கள் கவனிக்க: இரண்டு மாநிலத்துக்கும் இடையே ஒப்பந்தம் இருக்கிறது. சம்பளத்துக்கு மாநில வரி, குடியிருக்கும் மாநிலத்துக்கு மட்டும்தான். ஆனால் அது தானாக நடக்காது. ஜெர்சிக்காரர் இங்குள்ள கம்பெனியிடம் ஆர்இவி-419 படிவமும், பென்சில்வேனியாக்காரர் ஜெர்சிக் கம்பெனியிடம் என்ஜே-165 படிவமும் கொடுக்க வேண்டும். மேரிலாண்ட், ஒஹாயோ, விர்ஜீனியா, மேற்கு விர்ஜீனியா, இண்டியானா ஆகியவற்றோடும் இதே ஒப்பந்தம் உண்டு. டெலவேரோடும் நியூ யார்க்கோடும் கிடையாது. வில்மிங்டனில் வேலை செய்துவிட்டு இங்கே குடியிருப்பவர்கள் இரண்டு மாநிலத்திலும் ரிட்டர்ன் போட்டு, டெலவேரில் கட்டியதை இங்கே கழித்துக்கொள்ள வேண்டும்.

3. ஜனவரிக் கடைசியில் டபிள்யூ-2 வந்ததும் கட்டம் கட்டமாகப் பாருங்கள்

கம்பெனி டபிள்யூ-2 கொடுக்க ஜனவரி 31 கெடு. வந்த அன்று ஐந்து நிமிடம் ஒதுக்குங்கள். கட்டம் 1 மத்திய அரசுக்கான சம்பளம். கட்டம் 16 மாநிலத்துக்கான சம்பளம், கட்டம் 17 மாநில வரி. 18 ஊருக்கான சம்பளம், 19 ஊர் வரி, 20-இல் ஊரின் பெயரோ கோடோ இருக்கும்.

கட்டம் 1-ம் 16-ம் ஒத்துப்போகவில்லையே என்று பதறி பேரோலைக் கூப்பிடுபவர்கள் உண்டு. ஒத்துப்போகாமல் இருப்பதுதான் சரி. நீங்கள் 401கே என்ற ஓய்வுக்காலச் சேமிப்பில் போடும் பணத்துக்கு மத்திய அரசு அந்த வருடம் வரி கேட்காது. பென்சில்வேனியா கேட்கும், ஊரும் கேட்கும். ஒரு லட்சம் டாலர் சம்பளத்தில் 10,000 டாலர் 401கே-யில் போட்டிருந்தால் கட்டம் 1-இல் 90,000 இருக்கும், 16-இலும் 18-இலும் 1,00,000 இருக்கும். இதைத் தவறு என்று நினைத்து, ரிட்டர்னில் 90,000 என்று மாற்றி எழுதிவிடாதீர்கள். அடுத்த வருடம் கடிதம் வரும்.

கட்டம் 20-இல் இருப்பது உங்கள் ஊரா, அலுவலகம் இருக்கும் ஊரா, பழைய வீட்டின் ஊரா என்றும் பாருங்கள். தவறாக இருந்தால் திருத்திய டபிள்யூ-2சி கேட்கலாம். பிப்ரவரியில் கேட்டால் மார்ச்சுக்குள் வந்துவிடும். ஏப்ரல் பத்தாம் தேதி கேட்டால் கெடுவுக்கு முன் வராது.

4. மாநில ரிட்டர்ன்: பிஏ-40, ஏப்ரல் 15

மத்திய ரிட்டர்னுக்கும் மாநில ரிட்டர்னுக்கும் ஒரே தேதி, ஏப்ரல் 15. சனி, ஞாயிறு அல்லது விடுமுறையில் விழுந்தால் அடுத்த வேலை நாள். மாநிலத்தின் மைபாத் தளத்தில் பிஏ-40 படிவத்தை இலவசமாகப் போடலாம். மத்திய ரிட்டர்னுக்கு மென்பொருள் வாங்கியவர்களிடம் மாநிலத்துக்குத் தனிக் கட்டணம் கேட்பார்கள். சம்பளமும் கொஞ்சம் வங்கி வட்டியும்தான் வருமானம் என்றால் அந்தக் கட்டணம் தேவையே இல்லை, மைபாத் போதும்.

கையில் வைத்திருக்க வேண்டியவை: எல்லா டபிள்யூ-2-களும், வங்கி வட்டிக்கும் பங்குக்கும் வரும் 1099 படிவங்கள், இந்திய வங்கிகளின் வட்டிச் சான்று, பணம் கட்டவோ வாங்கவோ வங்கிக் கணக்கு எண். கிரெடிட் கார்டில் கட்டினால் கூடுதல் கட்டணம் பிடிப்பார்கள், வங்கிக் கணக்கிலிருந்து நேராகக் கட்டுவதே நல்லது.

இந்தியக் கணக்கு வைத்திருப்பவர்களுக்கு இரண்டு விஷயம். என்ஆர்இ வைப்பு நிதியின் வட்டிக்கு இந்தியாவில் வரி இல்லை. ஆனால் நீங்கள் பென்சில்வேனியாவாசி ஆனபின் வரும் அந்த வட்டிக்கு இங்கே மத்திய அரசுக்கும் பெரும்பாலும் வரி உண்டு, மாநிலத்துக்கும் 3.07 சதவீதம் உண்டு. என்ஆர்ஓ கணக்கில் இந்தியாவில் டிடிஎஸ் பிடித்திருந்தால் அதை மத்திய ரிட்டர்னில் கழித்துக்கொள்ள வழி இருக்கிறது. பென்சில்வேனியாவில் இல்லை. வெளிநாட்டில் கட்டிய வரிக்குக் கழிவு தருவதை 2014 முதல் இந்த மாநிலம் நிறுத்திவிட்டது. மென்பொருள் சிலசமயம் கழிவு கொடுத்துவிடும், நம்பாதீர்கள்.

மத்திய ரிட்டர்னில் பழகிய ஸ்டாண்டர்ட் டிடக்‌ஷன் இங்கே கிடையாது. முதல் டாலரிலிருந்தே வரி. வருட நடுவில் இந்தியாவிலிருந்தோ வேறு மாநிலத்திலிருந்தோ வந்தவர்கள், பகுதி வருட வாசி என்ற கட்டத்தைக் குறித்து, எந்தத் தேதியிலிருந்து எந்தத் தேதி வரை என்று எழுத வேண்டும். ஆகஸ்டில் வந்தீர்கள் என்றால் ஜூலை வரை சென்னையில் வாங்கிய சம்பளத்தைப் பென்சில்வேனியா கேட்காது.

தாமதமானால் மாதத்துக்கு 5 சதவீதம் அபராதம், உச்சவரம்பு 25 சதவீதம். வட்டி தனி. கையில் பணம் இல்லாவிட்டாலும் ரிட்டர்னைத் தேதிக்குள் போட்டுவிடுங்கள். ரிட்டர்ன் போடாததற்கு விழும் அபராதம்தான் பெரியது.

5. ஊர் ரிட்டர்ன்: இதுவும் ஏப்ரல் 15, இது தனி

என் கதைக்கு வந்துவிட்டோம். கம்பெனி ஊர் வரியை ஒரு பைசா குறையாமல் பிடித்திருந்தாலும் ரிட்டர்ன் போட்டே ஆக வேண்டும். வரி கட்டுவது வேறு, கணக்குக் காட்டுவது வேறு. பாக்கியும் இல்லை, ரீஃபண்டும் இல்லை என்றால்கூடப் போட வேண்டும். போடாவிட்டால் இரண்டு மூன்று வருடம் கழித்து, மாநிலத்திடம் இருக்கும் உங்கள் சம்பளக் கணக்கை வைத்துப் பொருத்திப் பார்த்துக் கடிதம் அனுப்புவார்கள்.

வரி மென்பொருள்கள் இங்கே பெரும்பாலும் கைவிட்டுவிடும். மத்தியும் மாநிலமும் மின்வழியில் போய்விடும், ஊர் படிவத்தை மட்டும் அச்செடுத்து நீங்களே அனுப்புங்கள் என்று கடைசிப் பக்கத்தில் ஒரு குறிப்பு வரும். "வெற்றிகரமாக அனுப்பப்பட்டது" என்ற செய்தியைப் பார்த்துவிட்டு அந்தப் பக்கத்தை மூடிவிடுவோம். வரி ஆலோசகர்களிடம் கொடுப்பவர்களும் முதலிலேயே கேட்டுவிடுங்கள்: "உங்கள் கட்டணத்தில் ஊர் ரிட்டர்ன் அடங்குமா?" வேறு மாநிலத்தில் உட்கார்ந்து வேலை செய்யும் ஆலோசகருக்கு இப்படி ஒன்று இருப்பதே தெரியாமல் இருக்கலாம். எனக்கு இரண்டு வருடம் ரிட்டர்ன் போட்டுக் கொடுத்தவருக்குத் தெரிந்திருக்கவில்லை.

நேராக வசூல் அலுவலகத்தின் இணையதளத்துக்குப் போங்கள். ஆன்லைனில் போடக் கட்டணம் இல்லை, இருபது நிமிட வேலை. சமூகப் பாதுகாப்பு எண், பிஎஸ்டி கோடு, டபிள்யூ-2 மூன்றும் போதும். டபிள்யூ-2 நகலை இணைக்கச் சொல்லும். முடிந்ததும் வரும் உறுதி எண்ணைப் படமெடுத்து வையுங்கள். ஊர் வரி உழைத்துச் சம்பாதித்ததற்கு மட்டும்தான். வங்கி வட்டி, டிவிடெண்ட், பங்கு விற்ற லாபம் இதில் வராது. கம்பெனி கொடுத்த ஆர்எஸ்யு பங்குகள் கைக்கு வரும்போது அவை சம்பளமாகக் கணக்காகும், ஏற்கெனவே கட்டம் 18-இல் சேர்ந்திருக்கும்.

கணவன் மனைவி இருவரும் ஒரே படிவத்தில் போடலாம், ஆனால் தனித்தனிப் பத்தியில். வருமானத்தைக் கூட்டி ஒன்றாக எழுதக் கூடாது. எச்-4 என்ற துணைவர் விசாவில் வீட்டில் இருக்கும் கணவனுக்கோ மனைவிக்கோ தனியாகப் படிவம் வரக்கூடும். வருமானமே இல்லையே என்று விட்டுவிடாதீர்கள். வருமானம் இல்லாததற்குக் காரணம் குறிக்கும் கட்டங்கள் படிவத்திலேயே இருக்கும்: குடும்பத்தைப் பார்த்துக்கொள்பவர், மாணவர், வேலையில்லாதவர் என்று. டிக் செய்து, பூஜ்யம் போட்டு, கையெழுத்திட்டு அனுப்பினால் முடிந்தது. என் மனைவிக்கு வந்த கடிதத்துக்கு இந்த ஒரு டிக்தான் பதிலாக இருந்தது.

தபாலில் அனுப்புபவர்கள் கெடு நாளன்று பெட்டியில் போட்டுவிட்டுப் போகாதீர்கள். தபால் முத்திரையின் தேதிதான் கணக்கு, பெட்டியில் போட்ட கடிதத்துக்கு மறுநாள் முத்திரை விழலாம். கவுன்டருக்குப் போய் உங்கள் கண் முன்னே முத்திரை குத்தச் சொல்லுங்கள், செய்வார்கள்.

6. ஃபிலடெல்ஃபியா தனி ராஜ்யம்

நகரத்துக்குள் வேலை செய்பவர்களிடமும் குடியிருப்பவர்களிடமும் ஃபிலடெல்ஃபியா தன் சொந்தச் சம்பள வரியை வாங்குகிறது. 2025 ஜூலை 1 அன்று இது நகரவாசிகளுக்கு 3.74 சதவீதமாகவும், வெளியிலிருந்து வந்து வேலை செய்பவர்களுக்கு 3.43 சதவீதமாகவும் ஆனது. ஜூலை மாதங்களில் இது கொஞ்சம் மாறும், சம்பளச் சீட்டில் கவனியுங்கள்.

நகரவாசியாக இருந்து கம்பெனி முழுதாகப் பிடித்துவிட்டால், சம்பள வரிக்குத் தனி ரிட்டர்ன் வேண்டியதில்லை. ஆனால் டிவிடெண்ட் மாதிரி உழைக்காமல் வரும் சில வருமானங்களுக்குப் பள்ளி வருமான வரி என்று ஒன்று உண்டு, ஏப்ரல் 15 கெடு. பங்குச் சந்தையில் பணம் போட்டிருக்கும் நகரவாசிகள் அதைப் பார்க்க வேண்டும்.

புறநகரில் வீடு, நகரத்தில் அலுவலகம் என்றால், ஃபிலடெல்ஃபியாவில் கட்டியதை உங்கள் ஊர் வரியில் கழித்துக்கொள்ளலாம். 3.43 கட்டியவருக்கு 1 சதவீத ஊர் வரி முழுதாகக் கழிந்துவிடும், பாக்கி இருக்காது. இருந்தாலும் ஊர் ரிட்டர்ன் போட்டுத்தான் அந்தக் கழிவைக் காட்ட வேண்டும். நியூ ஜெர்சியோடு சொன்ன ஒப்பந்தம் இந்த நகர வரியைத் தடுக்காது. ஜெர்சிவாசிகளும் கட்டிவிட்டு, தங்கள் மாநில ரிட்டர்னில் கழிவு கேட்க வேண்டும்.

கம்பெனி கட்டளைப்படி சில நாட்கள் நகரத்துக்கு வெளியே வேலை செய்த புறநகர்வாசிகள் அந்த நாட்களுக்கு நகரத்திடம் ரீஃபண்ட் கேட்கலாம். மூன்று வருடம் வரை அவகாசம். கம்பெனியின் கையெழுத்தோடு நாட்கணக்குக் கடிதம் வேண்டும். உங்கள் வசதிக்காக வீட்டிலிருந்து வேலை செய்த நாட்கள் சேராது. ஒன்றை மறக்க வேண்டாம்: அந்த ரீஃபண்ட் வந்தால், அந்த நாட்களின் சம்பளத்துக்கு உங்கள் ஊருக்கு 1 சதவீதம் கட்ட வேண்டி வரும்.

7. கம்பெனி பிடிக்காவிட்டால் காலாண்டுக் கெடு

ஏப்ரல் 15, ஜூன் 15, செப்டம்பர் 15, அடுத்த ஜனவரி 15. இந்த நான்கு தேதிகளையும் இன்றே போன் காலண்டரில் போடுங்கள். ஜூனுக்கும் ஏப்ரலுக்கும் நடுவே இரண்டு மாதம்தான் என்பதைக் கவனியுங்கள், பெயர்தான் காலாண்டு.

கணக்கு எளிது. மூன்று மாதச் சம்பளத்தின் 1 சதவீதத்தை வசூல் அலுவலகத் தளத்தில் காலாண்டுத் தவணை என்று தேர்ந்தெடுத்துக் கட்ட வேண்டும். எந்த வருடத்துக்கு என்று சரியாகக் குறியுங்கள். ஜனவரி 15-இல் கட்டுவது போன வருடத்துக்கான கடைசித் தவணை. அதைப் புது வருடத்தின் கணக்கில் போட்டுவிட்டால், போன வருடத்துக்குப் பாக்கி என்றும் இந்த வருடத்துக்கு அதிகம் என்றும் காட்டும். என் பக்கத்து வீட்டுத் தம்பி ஒருவர் இதைச் சரிசெய்ய ஆறு முறை போன் செய்தார்.

8. தள்ளிப்போடுவது ரிட்டர்னுக்குத்தான், பணத்துக்கு இல்லை

மத்திய அரசிடம் 4868 படிவம் போட்டால் அக்டோபர் 15 வரை ரிட்டர்னுக்கு அவகாசம். அந்த அவகாசத்தைப் பென்சில்வேனியாவும் ஏற்கிறது, மாநிலத்துக்குப் பாக்கி இல்லாதவர் தனியாக ஒன்றும் போட வேண்டாம். பாக்கி இருக்கும் என்று தோன்றினால் உத்தேசமாகக் கணக்கிட்டு ஏப்ரல் 15-க்குள் மைபாத்தில் கட்டிவிட வேண்டும். ஊருக்கு இந்த அவகாசம் தானாக ஒட்டிக்கொள்ளும் என்று நினைக்காதீர்கள். வசூல் அலுவலகத் தளத்தில் அதற்கென்று என்ன கேட்கிறார்கள் என்று பார்த்து ஏப்ரல் 15-க்கு முன்பே அனுப்புங்கள். என்னைக் கேட்டால், ஐடிஐஎன் (சோஷியல் செக்யூரிட்டி எண் இல்லாத குடும்பத்தினருக்குத் தரும் வரி எண்) காத்திருப்பு போன்ற காரணத்தால் மத்திய ரிட்டர்ன் தள்ளிப்போனாலும் ஊர் ரிட்டர்னைத் தள்ளாதீர்கள். அதற்கு டபிள்யூ-2 மட்டும் போதும், மத்திய ரிட்டர்ன் முடிய வேண்டும் என்ற அவசியமே இல்லை.

9. வீடு வாங்கியவர்களுக்கு: இரண்டு பில், இரண்டு பருவம்

வசந்த காலத்தில் கவுன்டியும் டவுன்ஷிப்பும் அனுப்பும் பில் ஒன்று. ஜூலை 1 தேதியிட்டு வரும் பள்ளி வரி பில் இன்னொன்று, பெரியது இதுதான். பில் தேதியிலிருந்து இரண்டு மாதத்துக்குள் கட்டினால் பொதுவாக 2 சதவீதம் தள்ளுபடி. நான்கு மாதம் வரை பில்லில் உள்ள தொகை. அதற்குப் பிறகு 10 சதவீதம் வரை அபராதம். ஜூலை 1 பில்லுக்கு ஆகஸ்ட் 31, அக்டோபர் 31 என்று நினைவில் வையுங்கள். 6,000 டாலர் பில் என்றால் ஆகஸ்டில் 5,880, நவம்பரில் 6,600. ஒரே பில்லுக்கு 720 டாலர் வித்தியாசம். டிசம்பர் 31 தாண்டியும் கட்டாவிட்டால் கவுன்டியின் பாக்கி வசூல் பிரிவுக்குப் போய்விடும். ஃபிலடெல்ஃபியாவில் இந்த ஏற்பாடு கிடையாது, அங்கே சொத்து வரி மார்ச் 31.

வீட்டுக் கடனோடு எஸ்க்ரோ (மாதத் தவணையோடு சொத்து வரிக்கும் சேர்த்துப் பிடித்து வைக்கும் கணக்கு) இருந்தால் கடன் கொடுத்தவர்கள் கட்டுவார்கள். ஆனாலும் ஆகஸ்ட் இருபதாம் தேதி வாக்கில் கட்டியாயிற்றா என்று அவர்கள் தளத்தில் பாருங்கள். புதிதாகக் கட்டிய வீடு வாங்கியவர்கள் இன்னும் உஷாராக இருக்க வேண்டும். முதல் வருடம் வெறும் மனைக்குத்தான் வரி போட்டிருப்பார்கள், வீட்டை மதிப்பிட்டபின் இடைக்கால பில் என்று ஒன்று தனியாக உங்கள் பெயருக்கு வரும். எஸ்க்ரோவில் அது பெரும்பாலும் அடங்காது. "எஸ்க்ரோ பார்த்துக்கொள்ளும்" என்று அதை டிராயரில் போட்டுவிட்டு அபராதம் கட்டிய குடும்பங்கள் எங்கள் தெருவிலேயே உண்டு.

பில் வரவில்லை என்பது பொதுவாக ஒரு காரணமாக ஏற்கப்படாது. ஆனால் வீடு கைமாறிய முதல் பன்னிரண்டு மாதத்துக்கு மட்டும், 2022-இல் வந்த ஒரு சட்டத்தால் (சட்ட எண் 57) ஒரு வழி இருக்கிறது. பில் வரவில்லை என்று எழுத்தில் உறுதி கூறி, பத்திர நகலை வைத்து, அசல் தொகையைக் கட்டினால் அபராதத்தை நீக்கச் சொல்லிக் கேட்கலாம்.

குடியிருக்கும் வீட்டுக்குப் பள்ளி வரியில் ஒரு சலுகை உண்டு, ஹோம்ஸ்டெட் என்பார்கள். கவுன்டி மதிப்பீட்டு அலுவலகத்தில் மார்ச் 1-க்குள் விண்ணப்பிக்க வேண்டும். கட்டணம் இல்லை. பழைய உரிமையாளரின் சலுகை உங்களுக்குத் தொடராது, புதிதாகப் போடுங்கள்.

வாடகைக்கு இருப்பவர்களுக்கும் சில ஊர்களில் தலைவரி பில் வரும். பெரியவர் ஒருவருக்கு இத்தனை டாலர் என்று சின்னத் தொகைதான். வேலைக்குப் போகாத துணைக்கும் தனியாக வரும். விட்டால் வசூல் செலவு சேர்ந்து பல மடங்காகிவிடும்.

10. வீடு மாறினால்

ஒரு டவுன்ஷிப்பிலிருந்து பக்கத்து டவுன்ஷிப்புக்கு, அதே தெருவின் மறுமுனைக்கு மாறினாலும் வரி ஊர் மாறுகிறது. மாறிய வாரமே பேரோலுக்குப் புது வசிப்பிடப் படிவம் கொடுங்கள். மாறும் தேதிக்கு நெருக்கமான சம்பளச் சீட்டை எடுத்து வையுங்கள், அதுவரை எவ்வளவு சம்பளம், எவ்வளவு ஊர் வரி என்று அதில் இருக்கும். அடுத்த ஏப்ரலில் இரண்டு ஊருக்கும் பகுதி வருட ரிட்டர்ன் போட அதுதான் ஆதாரம். சீட்டு இல்லாவிட்டால் மாதக் கணக்கில் பிரித்துப் போடலாம்.

மாநிலத்தை விட்டே போகிறவர்களும் அடுத்த ஏப்ரலில் இங்கே பிஏ-40-ம் ஊர் ரிட்டர்னும் போட வேண்டும். வசூல் அலுவலகத்துக்குப் புது முகவரியைத் தெரிவித்துவிட்டுப் போங்கள். கடிதம் பழைய அபார்ட்மெண்டுக்குப் போய்த் திரும்பிக்கொண்டிருக்கும்போது வட்டி ஏறிக்கொண்டிருக்கும்.

11. கடிதம் ஏற்கெனவே வந்துவிட்டதா?

முதலில் கவரில் உள்ள அலுவலகம் உங்கள் ஊரின் வசூல் அலுவலகம்தானா என்று டிசிஇடி தளத்தில் சரிபாருங்கள். கடிதத்தில் இருக்கும் எண்ணுக்கு உடனே அழைக்காமல், தளத்தில் இருக்கும் எண்ணுக்கு அழையுங்கள். தகவல் கேட்டு வரும் கடிதத்துக்குப் பதில் சொல்ல, அது அனுப்பப்பட்ட நாளிலிருந்து 30 நாள் அவகாசம் மாநிலச் சட்டம் தந்திருக்கிறது. அதற்குள் அந்த வருடங்களின் டபிள்யூ-2, பிஏ-40 முதல் பக்கம், வாடகை ஒப்பந்தம் மூன்றையும் திரட்டுங்கள். அந்த வருடத்தில் வேறு ஊரில் குடியிருந்திருந்தால் வாடகை ஒப்பந்தமே பதில், வரி அந்த ஊருக்குத்தான்.

வரி உண்மையிலேயே பாக்கி என்றால் விடுபட்ட வருட ரிட்டர்ன்களை நீங்களே போட்டு, வரித்தொகையை உடனே கட்டுங்கள், வட்டி மேற்கொண்டு ஏறுவது நிற்கும். மொத்தமாகக் கட்ட முடியாவிட்டால் தவணை கேளுங்கள், எழுத்தில் கேளுங்கள். நான் வரியை அன்றைக்கே கட்டிவிட்டு மீதியை மூன்று தவணையாகக் கேட்டேன், கொடுத்தார்கள். கடைசித் தவணை போனபின், அந்த இரண்டு வருடங்களுக்கும் பாக்கி இல்லை என்று ஒரு கடிதம் கேட்டு வாங்கினேன். அந்தக் கடிதமும் காலிக் கட்டங்கள் கொண்ட அந்த டபிள்யூ-2-களும் இன்றும் ஒரே உறையில் இருக்கின்றன. நீங்களும் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள், தானாக அனுப்ப மாட்டார்கள்.